ஒயில் தாங்கி நிறைந்திருந்தால் மட்டும் போதாது
டூ ஸ்ட்ரோக் மோட்டார் சைக்கிளின் ஒயில் பம்பை நாமே சோதிப்பது எப்படி?

கடுகண்ணாவை ஏற்றத்தில் ஒரு டூ ஸ்ட்ரோக் மோட்டார் சைக்கிள் திடீரென இறுகி நின்றுவிட்டால் அதன் சொந்தக்காரர் முதலில் சொல்வது, "ஒயில் இருந்ததே!" என்பதாகத்தான் இருக்கும். அவர் பொய் சொல்லவில்லை. பக்க மூடியைக் கழற்றிப் பார்த்தால் தாங்கியில் ஒயில் பாதிக்கு மேல் இருக்கும். ஆனால் என்ஜினைக் கழற்றிப் பார்த்தால் பிஸ்டன் வறண்டு, பக்கமெல்லாம் கீறல் விழுந்திருக்கும். ஒயில் தாங்கியில் இருப்பது வேறு, அது என்ஜினுக்குள் போய்ச் சேருவது வேறு. இரண்டுக்கும் இடையில் ஒரு மூடி, ஒரு வடி, இரண்டு குழாய்கள், ஒரு சிறிய பம்ப், ஒரு கேபிள் என்று பல பாகங்கள் இருக்கின்றன. அவற்றில் எது பழுதானாலும் பெரும்பாலான பழைய வண்டிகளில் எச்சரிக்கை விளக்கு எதுவும் எரியாது. என்ஜின் இறுகும்போதுதான் செய்தி தெரியவரும்.

காணியையும் வீட்டையும் விட்டு வந்து, கண்டிப் பக்கத்தில் குத்தகை நிலத்திலோ உறவினர் வளவிலோ பயிர் செய்யும் குடும்பங்களுக்கு ஒரு பழைய மோட்டார் சைக்கிள் என்பது வெறும் போக்குவரத்துச் சாதனம் அல்ல. மரக்கறி மூட்டை சந்தைக்குப் போவதும், பிள்ளை வைத்தியசாலைக்குப் போவதும், பசளை வீடு வந்து சேர்வதும் அதில்தான். பிஸ்டன் இறுகினால் சிலிண்டரைக் கடைந்து பெரிதாக்கி, பெரிய அளவு பிஸ்டனும் றிங்கும் போடவேண்டும். கிராங்கின் பெயாரிங்கும் சேர்ந்து போயிருந்தால் செலவு இரண்டு மூன்று மடங்காகும். அந்தப் பணம் பெரும்பாலும் அடுத்த போகத்து விதைக்கு வைத்திருந்த பணமாகவே இருக்கும். மாதத்தில் ஒரு நாள் அரை மணி நேரம் செலவிட்டால் இதைப் பெருமளவு தவிர்க்கலாம். விசேட கருவிகளும் தேவையில்லை.

ஏன் இந்த என்ஜினுக்கு மட்டும் தனி ஒயில்?

ஃபோர் ஸ்ட்ரோக் என்ஜினின் அடிப்பகுதியில் ஒயில் நிரம்பியிருக்கும். அதே ஒயில் சுற்றிச் சுற்றி வந்து எல்லாப் பாகங்களையும் நனைக்கும். டூ ஸ்ட்ரோக் என்ஜினில் அப்படி வைக்க முடியாது. ஏனெனில் பெற்றோலும் காற்றும் கலந்த கலவை முதலில் கிராங் இருக்கும் அடிப்பகுதிக்குள்தான் வருகிறது. அங்கிருந்துதான் மேலே சிலிண்டருக்குத் தள்ளப்படுகிறது. ஆகவே கலவையோடு சேர்ந்தே ஒயிலும் உள்ளே வந்து, போகிற வழியில் கிராங் பெயாரிங், கொனெக்டிங் றொட்டின் இரு முனைகள், பிஸ்டன், சிலிண்டர் சுவர் ஆகியவற்றை நனைத்துவிட்டு, கடைசியில் பெற்றோலோடு எரிந்து புகையாகச் சைலன்சர் வழியே போய்விடும். ஒரு முறை பயன்பட்ட ஒயில் திரும்பி வராது. புது ஒயில் நிற்காமல் வந்துகொண்டே இருக்கவேண்டும். அது சில நிமிடம் நின்றாலே ஆபத்து.

இந்த ஒயிலைக் கொடுக்க இரண்டு வழிகள் உண்டு. ஒன்று, பெற்றோல் தாங்கியிலேயே 2டி ஒயிலைக் கலந்துவிடுவது. நமது வீதிகளில் ஓடிய பழைய டூ ஸ்ட்ரோக் முச்சக்கரவண்டிகளில் பெரும்பாலும் இந்த முறைதான். மற்றது, ஒயிலுக்குத் தனித் தாங்கி வைத்து, என்ஜினால் சுழற்றப்படும் ஒரு சிறு பம்ப் மூலம் தேவையான அளவை அனுப்புவது. யமாஹா நிறுவனம் 1964 இல் வைஏ6 என்ற மோட்டார் சைக்கிளில் 'ஓட்டோலூப்' என்ற பெயரில் இதைக் கொண்டுவந்தது. சுசூகியும் சில ஆண்டுகளில் தன் சொந்த ஏற்பாட்டைச் செய்தது. நம்மிடையே பழக்கமான யமாஹா ஆர்எக்ஸ், டிடி வகைகளிலும் சுசூகி ஏஎக்ஸ் 100 இலும் இருப்பது இந்தப் பம்ப் முறைதான்.

பம்பின் சிறப்பு, அது இரண்டு விடயங்களைப் பார்த்து ஒயில் கொடுப்பதாகும். என்ஜின் வேகமாகச் சுழன்றால் பம்பும் வேகமாகச் சுழலும். அத்துடன் அக்ஸிலேட்டரைத் திருகும்போது ஒரு கேபிள் பம்பின் கப்பியையும் இழுப்பதால், ஒவ்வொரு தள்ளலிலும் போகும் ஒயிலின் அளவு கூடும். சும்மா ஓடும்போது பெற்றோலோடு ஒப்பிட மிகச் சிறிய அளவு. முழு அக்ஸிலேட்டரில் பாரம் இழுக்கும்போது அதைப் போலப் பல மடங்கு.

ஏற்றமும் இறக்கமும்

கடுகண்ணாவைக் கணவாய் வழியே கொழும்பு - கண்டி வீதியை அமைக்கும் வேலையைக் கப்டன் டோசன் 1820களில் நடத்தினார். அவருடைய நினைவுக் கோபுரம் இன்றும் கடுகண்ணாவையில் நிற்கிறது. மாட்டு வண்டிக்கும் குதிரைக்கும் கடினமாக இருந்த அந்தச் சரிவு, 100 சீசீ என்ஜினுக்கும் இலகுவானதல்ல. மாவனெல்லைப் பக்கமிருந்து இரண்டு மூட்டையோடு ஏறும் வண்டி இரண்டாம் கியரில், அக்ஸிலேட்டர் ஏறத்தாழ முழுவதும் திறந்த நிலையில், மெதுவாக ஊர்ந்து வரும். வேகம் இல்லாதபடியால் சிலிண்டரைக் குளிரவைக்கும் காற்றும் குறைவு. சூடு உச்சத்தில் இருக்கும்போதுதான் ஒயிலும் உச்ச அளவில் வேண்டும். பம்பின் கேபிள் தளர்ந்து, கப்பி பாதிதான் திரும்புகிறது என்று வைத்துக்கொள்வோம். பேராதனைப் பக்கம் சமதரையில் வண்டி ஒரு குறையும் இல்லாமல் ஓடும். ஏற்றத்தில்தான் குட்டு வெளிப்படும். "நேற்று வரைக்கும் நன்றாக ஓடிய வண்டி" என்று நாம் வியப்பதன் காரணம் இதுதான்.

இறக்கத்தின் கதை வேறு. கியரில் போட்டு அக்ஸிலேட்டரை முழுவதும் மூடிக்கொண்டு இறங்கும்போது, சில்லு என்ஜினைச் சுழற்றுகிறது. என்ஜின் வேகமாகச் சுழலும், ஆனால் பெற்றோல் மிகச் சிறிதளவே உள்ளே போகும். ஒயிலைப் பெற்றோலில் கலந்து ஓட்டும் வண்டியாக இருந்தால், பெற்றோல் போகாதபோது ஒயிலும் போகாது. சுவீடன் நாட்டின் சாப் நிறுவனம் 1950களில் டூ ஸ்ட்ரோக் கார்களைச் செய்தபோது இந்தத் தொல்லையை எதிர்கொண்டது. அக்ஸிலேட்டரை விட்டவுடன் சில்லுகள் என்ஜினை இழுக்காமல் தாமாகவே உருளும்படி, சைக்கிளின் பின் சில்லில் இருப்பது போன்ற ஓர் ஏற்பாட்டை அந்தக் கார்களில் வைத்தார்கள். பம்ப் உள்ள வண்டியில் இந்தச் சிக்கல் குறைவு. அக்ஸிலேட்டர் மூடியிருந்தாலும், என்ஜின் சுழலும் வரை பம்ப் தன் குறைந்தபட்ச அளவை அனுப்பிக்கொண்டே இருக்கும்.

இதை இவ்வளவு விரிவாகச் சொல்வதற்குக் காரணம் உண்டு. பழைய வண்டி ஒன்றைக் கராஜுக்குக் கொண்டுபோனால், "அந்தப் பம்பைக் கழற்றி விடுங்க அண்ணே, பெற்றோல்ல கலந்து அடிச்சா ஒரு பிரச்சினையும் இல்ல" என்று சொல்லும் பாஸ்மார் பலர் இருக்கிறார்கள். பம்ப் உண்மையில் தேய்ந்து, பாகமும் கிடைக்காவிட்டால் அது சரியான முடிவுதான். ஆனால் ஒரு குழாயும் கேபிளும் மாற்றினால் சரியாகக்கூடிய பம்பைக் கழற்றி எறிவது, மலைப் பாதையில் ஓடும் வண்டிக்கு நல்லதல்ல என்பதே எமது கருத்து. மேலும் பம்ப் உள்ள வண்டியின் காபரேட்டர், தனிப் பெற்றோலுக்கு ஏற்ப அளவிடப்பட்டது. அதே துளை வழியே ஒயில் கலந்த பெற்றோல் போகும்போது பெற்றோலின் பங்கு சற்றுக் குறைகிறது. என்ஜின் சற்றே கூடுதலாகச் சூடாகும். இதைக் கவனித்துச் சரிசெய்து தருபவர்கள் குறைவு.

தாங்கியிலிருந்து தொடங்குவோம்

வெளிச்சமான இடத்தில் வண்டியை நேராக நிறுத்துங்கள். பக்கத்தில் விளக்கோ நெருப்போ சுருட்டோ வேண்டாம். என்ஜின் ஆறியிருக்கட்டும்.

ஒயில் தாங்கியின் மூடியைக் கழற்றுங்கள். மூடியில் காற்றுப் போவதற்கு ஒரு சிறு துளையோ மெல்லிய குழாயோ இருக்கும். மண் அடைத்து அது மூடிக்கொண்டால், ஒயில் இறங்க இறங்கத் தாங்கிக்குள் வெற்றிடம் உண்டாகி, ஒரு கட்டத்தில் ஒயில் இறங்குவது நின்றுவிடும். குளியலறை வாளியில் கவிழ்த்து அமுக்கிய போத்தலிலிருந்து நீர் வெளியே வராதது போலத்தான். ஒரு ஊசியால் துளையைச் சுத்தம் செய்யுங்கள்.

அடுத்து உள்ளே ரோச் அடித்துப் பாருங்கள். ஒயில் பால் கலந்த தேநீர் நிறத்தில் இருந்தால் தண்ணீர் சேர்ந்திருக்கிறது. அடியில் களி போலப் படிந்திருந்தால் தாங்கியைக் கழற்றி, பழைய ஒயிலை வெளியேற்றி, சிறிது பெற்றோலால் கழுவிக் காயவைத்தே மீண்டும் நிரப்ப வேண்டும். தாங்கியின் வாயிலிலோ அடிக் குழாயின் தொடக்கத்திலோ ஒரு சிறு வலை வடி இருக்கும். அதையும் கழுவுங்கள்.

எந்த ஒயில்? காற்றினால் குளிரும் மோட்டார் சைக்கிள்களுக்கான 2டி ஒயில். போத்தலில் ஜாஸோ எஃப்சி அல்லது எஃப்டி என்று அச்சிடப்பட்டிருந்தால் நல்லது. படகு என்ஜினுக்கான டூ ஸ்ட்ரோக் ஒயில் தண்ணீரால் குளிரும் என்ஜினுக்குச் செய்யப்பட்டது. மலையேறும் மோட்டார் சைக்கிளின் சூட்டுக்கு அது ஏற்றதல்ல. ஃபோர் ஸ்ட்ரோக் ஒயில் தடிப்பானது. நுவரெலியாப் பக்கத்துக் குளிர்காலையில் சிறு குழாய் வழியே அது இறங்கவே தயங்கும். எரிந்தபின் சாம்பலும் கரியும் விட்டுச் செல்லும். இன்னொரு வண்டியிலிருந்து இறக்கிய பழைய ஒயிலைப் பற்றிப் பேசவே வேண்டாம். ஒரு போத்தல் 2டி ஒயிலின் விலையை ஒரு பிஸ்டன் வேலையின் விலையோடு ஒப்பிட்டுப் பார்த்தால் போதும்.

குழாய்கள்

தாங்கியிலிருந்து பம்புக்கு ஒரு குழாயும், பம்பிலிருந்து காபரேட்டர் பக்கத்துக்கு இன்னொரு மெல்லிய குழாயும் போகும். டூ ஸ்ட்ரோக் முச்சக்கரவண்டிகளின் இறக்குமதி 2008 உடன் நிறுத்தப்பட்டது. மோட்டார் சைக்கிள்களிலும் நம் கையில் உள்ள டூ ஸ்ட்ரோக் வண்டிகள் அநேகமாக எல்லாமே வயதானவை. அவற்றின் குழாய்களும் அவ்வாறே. விரலால் வளைத்துப் பாருங்கள். மீன்முள் போல விறைத்திருந்தாலோ, வளைவில் வெடிப்புத் தெரிந்தாலோ மாற்றிவிடுங்கள். முனைகளில் சிறு கம்பி வளையம் இறுக்கமாக இருக்கிறதா என்று பாருங்கள். ஒயில் வெளியே கசியும் வெடிப்பைக் கண்டுபிடிப்பது இலகு. காற்றை உள்ளே இழுக்கும் வெடிப்புத்தான் கள்ளன். அது வெளியே நனைவதில்லை.

குழாய் கண்ணாடி போன்றதாக இருந்தால் ரோச்சை அதன் பின்னால் பிடியுங்கள். 2டி ஒயிலுக்கு நீலம், பச்சை, சிவப்பு என்று சாயம் போட்டிருப்பார்கள். எனவே ஒயில் எங்கே இருக்கிறது, காற்று எங்கே இருக்கிறது என்று நன்றாகத் தெரியும். இடையிடையே குமிழி நின்றால் அந்த இடத்துக்கு வரும்போது என்ஜினுக்கு ஒயில் இல்லை என்று அர்த்தம். ஒரு சிறு குமிழி பெரிய விடயமல்ல. விரல் நீளத்துக்குக் காற்று நின்றால் வண்டியை எடுக்கக்கூடாது.

கேபிளும் குறியும்

என்ஜினின் பக்கத்தில் இரண்டு மூன்று திருகாணிகளால் பொருத்திய ஒரு சிறு மூடிக்குள் பம்ப் இருக்கும். மூடியைக் கழற்றினால் ஒரு சிறு கப்பியும் அதில் மாட்டிய கேபிளும் தெரியும். இந்தச் சோதனைக்கு இரண்டு பேர் இருந்தால் நல்லது. வீட்டுப் பிள்ளை ஒன்று அக்ஸிலேட்டரை மெல்லத் திருகட்டும். நீங்கள் கப்பியைப் பாருங்கள். அக்ஸிலேட்டர் திரும்பத் தொடங்கியதும் கப்பியும் திரும்ப வேண்டும். விட்டவுடன் இழுபடாமல் தானாகவே பழைய இடத்துக்கு வரவேண்டும். தயங்கித் தயங்கி வந்தால் கேபிளுக்குள் துரு இருக்கிறது.

கப்பியில் ஒரு கீறலோ புள்ளியோ குறியாக வெட்டியிருப்பார்கள். அது பம்பின் மேலுள்ள ஊசிக்கோ இன்னொரு குறிக்கோ நேரே வரவேண்டும். எந்த நிலையில் நேரே வரவேண்டும் என்பது மாதிரிக்கு மாதிரி வேறுபடும். சிலவற்றில் அக்ஸிலேட்டரின் தளர்வு மட்டும் நீங்கிய நிலையில். சிலவற்றில் அதைக் குறிப்பிட்ட அளவுக்குத் திறந்த நிலையில். வண்டியின் கைநூலையோ, அதே மாதிரியைப் பழக்கமாகச் செய்யும் பாஸையோ கேட்டு ஒருமுறை அறிந்து, வீட்டுக் கொப்பியில் எழுதி வையுங்கள். குறி விலகியிருந்தால் கேபிளின் நடுவிலுள்ள சிறு நட்டைத் தளர்த்தி, திருகிச் சரிசெய்யலாம். ஆனால் ஓர் ஒழுங்கு முக்கியம்: முதலில் காபரேட்டரின் கேபிளையும் சும்மா ஓடும் வேகத்தையும் சரிசெய்து, அதன்பின்பே பம்பின் கேபிளைத் தொட வேண்டும். மாறிச் செய்தால் இரண்டாவது வேலை முதலாவதைக் கெடுத்துவிடும்.

இங்கே ஒரு எச்சரிக்கை. இந்த வண்டிகளின் அக்ஸிலேட்டர் கேபிள் கைப்பிடியிலிருந்து ஒன்றாக வந்து, நடுவில் இரண்டாகப் பிரியும். ஒரு கிளை காபரேட்டருக்கு, மற்றது பம்புக்கு. கேபிள் அறுந்தபோது கடையில் சரியானது இல்லையென்று வேறு வண்டியின் ஒற்றைக் கேபிளைப் போட்டு ஓட்டுபவர்கள் உண்டு. அப்படிப்பட்ட வண்டியில் பம்ப் எந்நேரமும் குறைந்தபட்ச அளவிலேயே நிற்கும். பழைய வண்டி வாங்கும்போது என்ஜின் சத்தத்தைக் கேட்பதற்கு முன்னே இதைப் பாருங்கள்.

காற்றை வெளியேற்றுதல்

ஒயில் தாங்கி ஒருமுறை காலியாகியிருந்தாலோ, குழாயைக் கழற்றியிருந்தாலோ பம்புக்குள் காற்றுப் புகுந்திருக்கும். பிறகு தாங்கியை நிரப்பினாலும் பம்ப் காற்றைத்தான் தள்ளிக்கொண்டிருக்கும். நம்மவர்கள் அதிகமாக விடும் பிழை இதுதான்: ஒயில் முடிந்தது, ஊற்றினோம், ஓட்டினோம்.

பம்பின் உடம்பில், சிறு வாஷரோடு ஒரு திருகாணி இருக்கும். தாங்கியை நிரப்பி, கீழே ஒரு துணியை வைத்து அந்தத் திருகாணியைக் கழற்றுங்கள். தாங்கி மேலே இருப்பதால் ஒயில் தானாக இறங்கி வரும். முதலில் குமிழியோடு வரும்; குமிழி நின்று தனி ஒயிலாக ஒழுகும்வரை விட்டு, பின் திருகாணியை அளவாக இறுக்குங்கள். வாஷர் நசுங்கியிருந்தால் புதியது போடுங்கள். அந்தச் சின்ன வாஷர் வழியேதான் காற்று மீண்டும் நுழையும்.

இனி பம்பிலிருந்து என்ஜினுக்குப் போகும் மெல்லிய குழாய். இதைச் செய்வதற்கு முன் பெற்றோல் தாங்கியில் லீற்றருக்கு 20 மில்லிலீற்றர் வீதம் 2டி ஒயில் கலந்துவிடுங்கள். அப்போது குழாயில் காற்று இருந்தாலும் என்ஜின் வறண்டு ஓடாது. பின் என்ஜினை இயக்கி, சும்மா ஓடும் வேகத்திலேயே விட்டு, பம்பின் கப்பியை மட்டும் விரலால் முழுவதும் திருப்பிப் பிடியுங்கள். அக்ஸிலேட்டரைத் தொட வேண்டாம். ஓரிரு நிமிடங்களில் குமிழிகள் நகர்ந்து போவதைக் காணலாம். புகை கூடும். அது நல்ல அடையாளம்.

பம்ப் உண்மையில் வேலை செய்கிறதா என்று கண்ணால் பார்க்க விரும்பினால், ஒயில் கலந்த பெற்றோலோடு ஓடும் இந்த நேரத்திலேயே பார்க்கலாம். என்ஜினை நிறுத்தி, மெல்லிய குழாயைக் காபரேட்டர் பக்கத்தில் கழற்றுங்கள். திறந்த அந்தச் சிறு வாயை ஒரு இறப்பர் மூடியால் அடைத்துவிடுங்கள். இல்லாவிட்டால் காற்றை இழுக்கும். இப்போது என்ஜினை இயக்கிக் கப்பியைத் திருப்பிப் பிடித்தால், குழாயின் முனையில் ஒயில் சிறு சிறு துளியாக வெளிவர வேண்டும். தண்ணீர்க் குழாய் போல வரும் என்று எதிர்பார்க்காதீர்கள். பம்ப் தள்ளும் அளவு மிகச் சிறியது. ஆனால் ஒழுங்காக, இடைவிடாமல் வரவேண்டும். ஒன்றும் வராவிட்டால் குழாய், வடி ஆகியவற்றை மீண்டும் பார்த்துவிட்டு, பம்பைப் பழக்கமானவரிடம் கொண்டுபோங்கள். பம்பின் குறைந்தபட்ச அளவைச் சரிசெய்வது மில்லிமீற்றரில் கால் பங்குக்கும் குறைவான இடைவெளியை அளக்கும் வேலை. அதை வீட்டில் செய்யத் துணிய வேண்டாம்.

பால் போத்தல் கணக்கு

எல்லாச் சோதனைகளிலும் நம்பகமானது இதுதான். செலவு ஒன்றுமில்லை. அளவுக் கோடு போட்ட பழைய குழந்தைப் பால் போத்தல் ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். ஒயில் தாங்கியை வாய் விளிம்பு வரை நிரப்புங்கள். பெற்றோல் தாங்கியையும் நிரப்புங்கள். வழமை போல ஓடி, சுமார் 5 லீற்றர் பெற்றோல் தீர்ந்ததும் ஒயில் தாங்கியை மீண்டும் அதே விளிம்பு வரை பால் போத்தலால் அளந்து நிரப்புங்கள். எத்தனை மில்லிலீற்றர் போனதோ அதுதான் என்ஜின் குடித்த அளவு.

பெற்றோலில் கலந்து ஓட்டும்போது நூற்றுக்கு இரண்டு பங்கு என்பது வழக்கம். அதன்படி 5 லீற்றருக்கு 100 மில்லிலீற்றர். பம்ப் உள்ள வண்டி இலகுவாக ஓடினால் இதைவிடக் குறையும், பாரத்தோடு மலையேறினால் கூடும். பாரம் ஏற்றி ஏறிய வாரத்தில் 50 மில்லிலீற்றருக்கும் குறைவாகப் போயிருந்தால் கட்டாயம் ஐயப்படுங்கள். தன் வண்டியின் கணக்கை மூன்று நான்கு முறை எழுதி வைத்தவருக்கு, அடுத்த முறை வித்தியாசம் உடனே தெரியும்.

அளவு திடீரெனக் கூடினாலும் கவனிக்க வேண்டும். ஒயில் தாங்கி வேகமாகக் குறைந்து, ஆனால் புகை கூடாமல் இருந்தால், பம்பின் தண்டிலுள்ள சீல் போய் ஒயில் கியர் பெட்டிக்குள் இறங்குகிறதா என்று பாருங்கள். அப்போது கியர் ஒயிலின் மட்டம் உயர்ந்திருக்கும். இதற்கு மாறாக, ஒயில் தாங்கி வழமை போலக் குறைய, புகை மட்டும் மண்டி, கியர் ஒயில் குறைந்தால், கிராங் சீல் தேய்ந்து என்ஜின் கியர் ஒயிலை உறிஞ்சுகிறது. இரவு நிறுத்தி வைத்த வண்டி காலையில் மட்டும் புகையைக் கக்கிவிட்டுப் பிறகு தெளிந்தால், ஒயில் பின்னோக்கி வழியாமல் தடுக்கும் சிறு தடுப்பு வால்வு சரியாக மூடவில்லை.

புகையை மட்டும் நம்பி முடிவு செய்யாதீர்கள் என்று சொல்வது இதனால்தான். "புகை வருகிறது, ஆகவே ஒயில் போகிறது" என்பது எப்போதும் உண்மையல்ல. அது கியர் ஒயிலின் புகையாகவும் இருக்கலாம். பிளக்கைக் கழற்றிப் பார்ப்பது அதைவிட உதவும். முனை தேயிலைச் சாயம் போன்ற மண்ணிறமாக இருந்தால் நல்லது. ஈரமாகக் கறுத்திருந்தால் ஒயிலோ பெற்றோலோ அதிகம். வெளிறி, வறண்டு, சிறு உலோகத் துகள் ஒட்டியிருந்தால் வண்டியை எடுக்க வேண்டாம்.

மண்ணெண்ணெய் பற்றி ஒரு வார்த்தை

1990களில் வடக்கில் பெற்றோல் தடைப்பட்டிருந்த காலத்தில், சில துளி பெற்றோலில் இயக்கி மண்ணெண்ணெயில் ஓட்டிய அனுபவம் நம்மில் பலருக்கு உண்டு. 2022 எரிபொருள் நெருக்கடியில் மோட்டார் சைக்கிளுக்கு வாரம் 4 லீற்றர் என்று பங்கீடு வந்தபோதும் சிலர் அந்தப் பழைய வித்தையைத் திரும்ப எடுத்தார்கள். ஃபோர் ஸ்ட்ரோக் வண்டி அதை ஓரளவு தாங்கியது. டூ ஸ்ட்ரோக் வண்டிக்கு அது கடினம். மண்ணெண்ணெய் கலந்தால் ஏற்றத்தில் என்ஜின் தட்டும், பிஸ்டனின் தலை அளவுக்கு மீறிச் சூடாகும். பம்ப் சரியாக இருந்தாலும் அந்தச் சூட்டை ஒயிலால் சமாளிக்க முடியாது.

வெள்ளத்திலும் கொட்டிலிலும் கிடந்த வண்டி

2025 நவம்பர் இறுதியில் திட்வா புயல் மழையால் கண்டி மாவட்டத்தில் வெள்ளமும் மண்சரிவும் ஏற்பட்டன. அதுபோன்ற அழிவுகளில் சேற்றிலிருந்து மீட்கப்படும் வண்டிகளும், விட்டு வந்த வீட்டின் கொட்டிலில் ஆண்டுக்கணக்கில் கிடந்து திரும்பக் கிடைக்கும் வண்டிகளும் ஒரே மாதிரி நடத்தப்பட வேண்டும். கிடைத்த மகிழ்ச்சியில் உடனே கிக்கர் அடிப்பதுதான் அவற்றைக் கொல்வது.

முதலில் பிளக்கைக் கழற்றி, அந்தத் துளை வழியே இரண்டு மேசைக்கரண்டி 2டி ஒயிலை ஊற்றி ஒரு நாள் விடுங்கள். ஒயில் தாங்கியையும் பெற்றோல் தாங்கியையும் முழுவதும் காலி செய்து கழுவுங்கள். கியர் ஒயிலை மாற்றுங்கள். ஒயில் குழாய்கள் இரண்டையும், பார்ப்பதற்கு நன்றாக இருந்தாலும், மாற்றிவிடுங்கள். பின் கிக்கரைக் கையால் மெல்ல அழுத்தி என்ஜின் சுழல்கிறதா என்று பாருங்கள். சேற்றுத் தண்ணீர் உள்ளே போயிருந்தால் கிராங்கைத் திறந்து பெயாரிங் பார்க்காமல் ஓட்டுவது வீண் முயற்சி. தண்ணீர் போகவில்லை என்றால் மேலே சொன்னபடி காற்றை வெளியேற்றி, முதல் இரண்டு தாங்கிப் பெற்றோலுக்கு லீற்றருக்கு 20 மில்லிலீற்றர் ஒயில் கலந்தே ஓட்டுங்கள். பம்பும் கொடுக்கும், பெற்றோலும் கொடுக்கும். புகை கூடும், பிளக் சற்று அழுக்காகும், அவ்வளவுதான்.

வழியில் இறுகினால்

இறுகுவதற்குச் சில வினாடிகள் முன்னர் வண்டி அடையாளம் காட்டும். பிறேக் பிடித்தது போல இழுவை குறையும், என்ஜின் சத்தம் மெலிந்து கூர்மையாகும். அந்த நொடியில் கிளச்சை அழுத்துங்கள். இல்லாவிட்டால் பின் சில்லு பூட்டிக்கொண்டு வண்டி வழுக்கும். கடுகண்ணாவை வளைவுகளில் பின்னால் பஸ் வரும்போது அது உயிராபத்து. ஓரமாக நிறுத்தி, அரை மணி நேரமாவது ஆறவிடுங்கள். தண்ணீர் ஊற்றிக் குளிரவைக்க வேண்டாம், சிலிண்டர் வெடிக்கக்கூடும். ஆறியபின் வண்டி இயங்கினாலும், பெற்றோலில் ஒயில் கலக்காமல் ஓர் அடியும் ஓட்டாதீர்கள்.

அதற்காகத்தான் ஆசனத்துக்குக் கீழே எப்போதும் 100 மில்லிலீற்றர் 2டி ஒயில், இறுக மூடிய பழைய மருந்துப் போத்தலில் இருக்கவேண்டும். ஏற்றத்தில் லீற்றருக்கு 25 மில்லிலீற்றர் வீதம் கலந்து, மூடியை மூடி வண்டியை நன்றாகக் குலுக்கிவிட்டு, பாரத்தை இறக்கி, மெதுவாக வீடு வந்து சேரலாம். வரும் வழியில் நீண்ட இறக்கம் இருந்தால் அக்ஸிலேட்டரை ஒரேயடியாக மூடி வைக்காமல், இடையிடையே சிறிது திறந்து மூடுங்கள். இறங்கும் வேகத்தைப் பிறேக்கால் குறைத்துக்கொள்ளுங்கள். கியரைக் கழற்றிவிட்டு நியூட்ரலில் மட்டும் இறங்காதீர்கள். பழைய வண்டியின் பிறேக் அந்தச் சூட்டைத் தாங்காது.